தோபியாஸ் வீட்டுக் கணக்கு



"கடன் அன்பை முறிக்கும்" என்ற பலகை தொங்காத கடை நம் ஊர்களில் அபூர்வம். கடைக்காரர் அதை ஆணியடித்து மாட்டுவது எவரையும் அவமதிக்க அல்ல. கொடுத்த சரக்குக்குப் பணம் வராமல், பணம் கேட்டதால் பழகின முகமும் வராமல் போன அனுபவத்தினால்தான் அதை மாட்டி வைக்கிறார். நம் பங்கிலும் கைத்தொழிலால் பிழைக்கிற குடும்பங்கள் எத்தனை! தச்சுப் பட்டறை, தையல் மெஷின், அச்சகம், வெல்டிங் பட்டறை, மின்சார வேலை, சமையல் ஒப்பந்தம், பந்தல், கணினி வேலை என்று எத்தனை வகை! இவர்களில் அநேகரின் வீட்டில் வேலைக்குக் குறைவில்லை. ஆயினும் மாதக் கடைசியில் அடுப்பு எரிய வழியில்லை. காரணம் என்ன? செய்த வேலைக்குரிய பணம் பிறர் வீட்டுப் பெட்டியில் தூங்குகிறது. "நாளைக்கு வா" என்ற ஒரே வார்த்தை அதற்குத் தாலாட்டு.

இது உலக விவகாரமாயிற்றே, இதற்கும் கோவிலுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்களோ? வேதாகமத்தில் தோபியாஸ் ஆகமத்தைத் திறந்து பாருங்கள். ஒரு வீட்டுக் கொடுக்கல் வாங்கல் முழுவதும் அதில் எழுதியிருக்கிறது. அந்தக் கணக்கில் ஒரு அதிதூதரே பங்கெடுத்திருக்கிறார்.

நினிவே பட்டணத்தில் சிறைப்பட்டவராய் வாழ்ந்த மூத்த தோபியாஸ் கண்பார்வை இழந்தார். வீட்டில் சம்பாத்தியம் நின்றது. அவருடைய மனைவி அன்னாள் என்ன செய்தாள்? பிறருக்குத் துணி நெய்து கொடுத்துக் கூலி வாங்கிக் குடும்பத்தைத் தாங்கினாள். ஒருநாள் நெய்த துணியை அறுத்து உரியவர்களிடம் ஒப்படைத்தாள். அவர்கள் கூலி முழுவதையும் கொடுத்து, அதற்குமேல் ஒரு வெள்ளாட்டுக் குட்டியையும் இனாமாகக் கொடுத்தார்கள். இரண்டாம் அதிகாரம் இதைச் சொல்லுகிறது. அந்த எசமானர்களின் பெயர்கூட நமக்குத் தெரியாது. ஆனால் வேலை கைக்கு வந்ததும் கூலி கைக்குப் போயிற்று என்பது மட்டும் அழியாத எழுத்தில் நிற்கிறது. குருடனான கணவனும் ஒரு நெசவுக்காரியும் வாழ்ந்த வீட்டுக்கு அந்தக் கூலி எத்தகைய உயிர் என்று எண்ணிப் பாருங்கள்.

நாலாம் அதிகாரத்தில், தமக்குச் சாவு நெருங்கினதென்று நினைத்த அந்தத் தகப்பன் மகனை அழைத்துப் புத்தி சொல்லுகிறார். உனக்கு வேலை செய்தவனுடைய கூலியை அன்றே கொடுத்துவிடு, ஒரு இரவுகூட உன்னிடத்தில் தங்கவிடாதே என்பது அந்தப் புத்திமதிகளில் ஒன்று. அதே அதிகாரத்தின் முடிவில் இன்னொரு காரியத்தையும் சொல்லுகிறார்: மேதியா நாட்டில் இராகேஸ் பட்டணத்துக் கபேல் என்பவரிடம் பத்துத் தாலந்து வெள்ளி நமக்கு இருக்கிறது, அதைப் போய் வாங்கி வா என்கிறார். கவனித்தீர்களா? கொடுக்க வேண்டியதைத் தாமதமின்றிக் கொடு என்று கற்பித்த அதே வாய், வரவேண்டியதைப் போய்க் கேட்டு வாங்கு என்றும் கற்பிக்கிறது. முதலாவதை மட்டும் புண்ணியமென்றும் இரண்டாவதைப் பேராசையென்றும் அந்த நீதிமான் பிரித்துப் பேசவில்லை.

மகன் கேட்கிறான்: அந்த மனிதருக்கு என்னைத் தெரியாதே, எந்த அடையாளத்தைக் காட்டி வாங்குவேன்? தகப்பனிடம் பதில் ஆயத்தமாயிருந்தது. இருபது வருஷங்களுக்கு முன் இருவரும் கையெழுத்திட்டுப் பிரித்துக்கொண்ட சீட்டு இருக்கிறது என்றார். கண்பார்வை போய், சொத்துப் போய், வறுமை சூழ்ந்த வீட்டிலும் அந்தச் சீட்டு மட்டும் பத்திரமாயிருந்தது. பின்பு வழித்துணைக்கு ஒருவரைத் தேடினார்கள். மனித வேஷத்தில் வந்து நின்றவர் அர்ச். இரபேல் சம்மனசு. அவர் யாரென்று தெரியாமலே, புறப்படும் முன்பாகவே கூலி பேசப்பட்டது: நாளொன்றுக்கு ஒரு திராக்மா, வழிச்செலவு வேறு, சுகமாய்த் திரும்பினால் அதற்குமேலும் கொடுப்பதாக வாக்கு. ஒன்பதாம் அதிகாரத்தில் அந்தச் சம்மனசு சீட்டை எடுத்துக்கொண்டு இராகேஸுக்குப் போய், கபேலிடம் அதைக் காட்டிப் பணத்தைப் பெற்று வந்தார். சர்வேசுரனுடைய சந்நிதியில் நிற்கிற அதிதூதர் ஒருவர் பாக்கி வசூலிக்கப் போனதை வெட்கமாக எண்ணவில்லை என்றால், செய்த வேலைக்குப் பணம் கேட்க நீங்கள் ஏன் வெட்கப்பட வேண்டும்?

பயணம் முடிந்து, கலியாண விருந்தும் முடிந்தது. பன்னிரண்டாம் அதிகாரம் எப்படித் தொடங்குகிறது? துணைக்குப் போனவருக்குக் கூலி கொடுக்க வேண்டுமே, பேசினதற்கு மேலும் கொடுக்க வேண்டுமே என்று தகப்பனே மகனுக்கு நினைவூட்டுகிறார். கூலிக்காரர் வாய் திறந்து கேட்கவில்லை. கேட்கும்வரை இவர்களும் காத்திருக்கவில்லை.

பிரியமான கிறிஸ்தவர்களே, தோபியாஸ் வீட்டுக் கணக்கு இதுதான்: வேலைக்கு முன் பேச்சு, பேச்சுக்குச் சாட்சியாக எழுத்து, வேலை முடிந்ததும் பணம். இனி நம் வீட்டுக் கணக்கைப் பார்ப்போம்.

முதலாவது, கொடுக்க வேண்டியவர்களுக்குச் சொல்லுகிறேன்.

ஒரு தச்சரை நினைத்துக் கொள்ளுங்கள். 60,000 ரூபாய்க்கு மேசைகள் செய்து கொடுக்க ஒப்புக்கொண்டார். மரத்துக்கு 35,000, உதவியாட்களின் கூலி 12,000, கரண்ட், வண்டி வாடகை 5,000. ஆக 52,000 செலவு. அவர் கையிலிருந்தது 12,000. மீதி 40,000 ரூபாயை நூற்றுக்கு மூன்று ரூபாய் வட்டிக்கு வாங்கினார். அதற்கு மாத வட்டி 1,200. வேலை குறித்த நாளில் முடிந்தது. மேசைகள் வந்து இறங்கின. பணம் மட்டும் நாலு மாதம் இழுத்தடிக்கப்பட்டது. வட்டி 4,800 ஆயிற்று. அவருக்கு மிஞ்ச வேண்டிய 8,000 ரூபாயில் 3,200 மட்டுமே மிஞ்சியது. அந்த 4,800 ரூபாயை எடுத்தவர் யார்? வட்டிக்காரர் என்பீர்கள். அவர் வீட்டு வாசலைத் தச்சருக்குக் காட்டினவர் யார் என்று உங்கள் மனச்சாட்சியைக் கேளுங்கள். பணம் வைத்திருந்தும் கொடாமலிருந்தவர் பிறருடைய பணத்தை வட்டியில்லாக் கடனாக, அவர் சம்மதமில்லாமல், நாலு மாதம் அனுபவித்தார். ஏழாம் கற்பனை திருடாதே என்று மட்டுமா விலக்குகிறது? பிறர் பொருளை அநியாயமாய் வைத்துக் கொள்ளுதலையும் அது விலக்குகிறது என்று சிறுவயதில் ஞானோபதேசத்தில் படித்தோமே.

வானத்தை நோக்கி அபயமிடுகிற பாவங்கள் நாலென்று அதே ஞானோபதேசம் எண்ணியது. கூலிக்காரருக்குக் கூலி கொடாமல் வஞ்சிப்பது அவற்றில் ஒன்று. மனப்பூர்வமான கொலையோடு ஒரே வரிசையில் அது வைக்கப்பட்டிருக்கிறது. அர்ச். யாகப்பர் தமது நிருபத்தின் ஐந்தாம் அதிகாரத்தில், பிடித்து வைக்கப்பட்ட கூலியே கூக்குரலிடுகிறது என்று எச்சரிக்கிறார். 13-ம் சிங்கராயர் என்னும் லியோ பாப்பரசர் 1891-ம் ஆண்டு தொழிலாளரைப் பற்றி எழுதிய நிருபத்தில் இதையே பெரிய குற்றமாகக் கண்டித்தார். 1992-ல் வெளியான திருச்சபையின் புது ஞானோபதேச நூலும் கூலியை மறுப்பதும் பிடித்து வைப்பதும் கனமான அநீதியாகக்கூடும் என்று போதிக்கிறது.

"பட்டறைக்காரர் என் கூலிக்காரரல்லவே, அவர் வியாபாரியாயிற்றே" என்று ஒருவர் சொல்லலாம். சரி, அவருடைய பில்லைப் பிரித்துப் பாருங்கள். இரண்டு உதவியாட்களின் கூலி அதற்குள் இருக்கிறது. அவர் மகளின் பள்ளிக் கட்டணமும் அதற்குள் இருக்கிறது. பில்லை நிறுத்தும்போது அந்தக் கூலியையும் சேர்த்தே நிறுத்துகிறீர்கள்.

"அவர் அவசரமென்று கேட்கவில்லையே" என்பார் இன்னொருவர். கேட்டால் அடுத்த வேலை கிடைக்காதென்ற பயத்தில் வாய்மூடி இருக்கிறவரின் மௌனத்தைச் சம்மதமென்று எடுத்துக்கொள்ளலாமா? "எனக்கும் வரவேண்டியது வரவில்லை" என்பார் வேறொருவர். இது உண்மையானால், அந்த உண்மையைத் தவணை நாளுக்கு முன்பே போய்ச் சொல்லுங்கள். இருக்கிறதில் பாதியையாவது கொடுத்து, மீதிக்கு நாள் குறியுங்கள். போனை எடுக்காமல் இருப்பதும், வீட்டிலிருந்துகொண்டே இல்லையென்று பிள்ளையைச் சொல்ல வைப்பதும் பணப் பாவத்தோடு பொய்ப் பாவத்தையும் சேர்க்கும். பிள்ளைக்கும் அது துர்மாதிரிகை.

இன்னும் சிலர் கர்த்தர் கற்பித்த செபத்தையே துணைக்கு அழைக்கிறார்கள். மத்தேயு சுவிசேஷத்தின் மூலபாஷையில் அந்த மன்றாட்டு கடனைப் பற்றியே பேசுகிறதென்பது மெய்தான். ஆனால் மன்னிக்கிற உரிமை கடன் கொடுத்தவருடையது. கடன்பட்டவர் தம்மைத் தாமே மன்னித்துக் கொள்ள ஏற்பாடு எந்த வேதத்திலும் இல்லை.

நம் பங்குக் காரியங்களும் இதில் அடங்கும். திருவிழா முடிந்து கொடி இறங்கின பிறகும் பந்தல்காரர், ஒலிபெருக்கிக்காரர், அச்சகக்காரர், மேளக்காரர் ஆகியோருக்குப் பாக்கி நிற்குமானால், அந்தத் திருவிழா இன்னும் முடியவில்லை என்று திருவிழாக் குழுவினர் அறியக்கடவர். கோவில் வேலைதானே, மெதுவாய்க் கொடுக்கலாம் என்பது கோவிலுக்கே அவச்சொல்.

இரண்டாவது, வாங்க வேண்டியவர்களுக்குச் சொல்லுகிறேன்.

தாயும் பிள்ளையுமானாலும் வாயும் வயிறும் வேறு என்பது நம் முன்னோர் வாக்கு. வேலை தொடங்கும் முன் விலை பேசுங்கள். உறவினர், ஒரே பங்கு, ஒரே சபை என்று கூச்சப்பட்டு விடாதேயுங்கள். இன்ன வேலை, இன்ன தொகை, இன்ன நாளில் முடியும், முடிந்த இத்தனை நாளில் பணம் என்று ஒரு மதிப்பீட்டுத் தாளில் எழுதி, இருவரும் ஒப்பமிடுங்கள். நடுவில் வேலை கூடினால் அதையும் அன்றே எழுதிக் காட்டுங்கள். முடிவில் எழும் சண்டையெல்லாம் நடுவில் எழுதாமல் விட்ட வேலையினால் வருகிறது.

முன்பணம் வாங்குங்கள். மேற்சொன்ன தச்சர் பாதித் தொகையாகிய 30,000 ரூபாயை முதலில் வாங்கியிருந்தால், அவர் வட்டிக்கு வாங்க வேண்டியது 10,000 மட்டுமே. நாலு மாதத் தாமதம் வந்திருந்தாலும் வட்டி 1,200-க்கு மேல் போயிராது. பெரிய வேலையானால் தொடக்கத்தில் ஒரு பங்கு, நடுவில் ஒரு பங்கு, ஒப்படைக்கும்போது ஒரு பங்கு என்று பிரித்துப் பேசிக் கொள்ளலாம்.

வேலையை ஒப்படைத்த அன்றே பில்லைக் கொடுங்கள். ஒரு மாதம் கழித்து வருகிற பில், எனக்கு அவசரமில்லை என்று உங்களுக்கு எதிராகவே சாட்சி சொல்லும். அதில் வரிசை எண், தேதி, யாருக்கு, என்ன வேலை, என்ன அளவு, என்ன விலை, வாங்கின முன்பணம், நிற்கிற பாக்கி, பணம் செலுத்த வேண்டிய கடைசி நாள், வங்கிக் கணக்கு எண் அல்லது யு.பி.ஐ. விவரம் யாவும் இருக்கட்டும். "சீக்கிரம் கொடுக்கவும்" என்று எழுதாமல் தேதியையே எழுதுங்கள். ஒரு நகலில் பெற்றுக்கொண்டவரின் கையொப்பம் வாங்கிப் பத்திரப்படுத்துங்கள். இருபது வருஷம் பத்திரமாயிருந்த தோபியாஸின் சீட்டை நினைத்துக் கொள்ளுங்கள். பணம் வந்ததும் ரசீது கொடுக்கவும் தவறாதேயுங்கள்.

தவணைக்கு மூன்று நாள் முன்பு மரியாதையாக ஒரு வார்த்தை, தவணை நாளில் ஒரு வார்த்தை, ஒரு வாரம் கழித்து எழுத்தில் ஒரு கடிதம். இவ்வளவு ஒழுங்காய்க் கேட்கிறவரை எவரும் பேராசைக்காரர் என்று சொல்லமாட்டார்கள். ஆறு மாதம் மௌனமாயிருந்துவிட்டு ஒருநாள் தெருவில் நின்று கத்துகிறதுதான் பேரைக் கெடுக்கும். பள்ளி, ஆஸ்பத்திரி, கம்பெனி போன்ற இடங்களில் வேலை செய்தால், பில்லை யார் பார்க்க வேண்டும், யார் கையெழுத்திட வேண்டும், மாதத்தில் எந்த நாளில் பணம் பட்டுவாடா ஆகும் என்பதை வேலை தொடங்கும் முன்பே விசாரித்து வையுங்கள்.

நாட்டின் சட்டத்தையும் அறிந்திருங்கள். 2006-ம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் வளர்ச்சிச் சட்டம், குறு, சிறு தொழில் செய்வோருக்கு ஒரு பாதுகாப்பைத் தருகிறது. எழுத்தில் தவணை பேசியிருந்தாலும் சரக்கையோ வேலையையோ ஏற்றுக்கொண்ட நாளிலிருந்து 45 நாளுக்கு மேல் போகக்கூடாது. தவணை பேசாவிட்டால் 15 நாளுக்குள் கொடுக்க வேண்டும். தவறினால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி விகிதத்தைப் போல் மும்மடங்கு வட்டி, மாதந்தோறும் கூட்டு வட்டியாக ஏறும். கொடாதவர்மேல் அந்தச் சட்டப்படி அமைந்த வசதி மன்றத்தில் முறையிடலாம். இணையத்தில் முறையிட 2017-ல் ஏற்படுத்தப்பட்ட வாசலுக்குச் "சமாதான்" என்றே பெயரிட்டார்கள். இதற்கு உத்யம் பதிவு தேவை. அந்தப் பதிவுக்குக் கட்டணம் கிடையாது. வழக்கு வந்தபின் ஓடாமல், வேலை ஒப்புக்கொள்ளும் முன்பே பதிந்து வைப்பது விவேகம். மேலும், குறு, சிறு தொழிலாளருக்குத் தவணைக்குள் கொடாத தொகையை, அதைக் கொடுத்து முடிக்கும்வரை வருமான வரிக் கணக்கில் செலவாகக் கழிக்க முடியாதென்று 2023-ம் ஆண்டின் நிதிச் சட்டம் வகுத்தது. அது 2024 ஏப்ரல் 1 முதல் அமலுக்கு வந்தது.

இன்னுமொரு காரியம். இத்தகைய பாக்கிக்காக நீதிமன்றம் போக 1963-ம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் சாதாரணமாய் மூன்று வருஷமே தருகிறது. அந்தக் காலத்துக்குள் கடன்பட்டவர் பாக்கியை ஒப்புக்கொண்டு எழுதிக் கையெழுத்திட்டால், அன்று முதல் மறுபடி மூன்று வருஷம் உண்டு. ஆனபடியால், நல்லவரானாலும் எழுதி வாங்குங்கள். அர்ச். சின்னப்பர் பிலமோனுக்கு எழுதின நிருபத்தில், ஒனேசிமுசின் கடனைத் தாமே தீர்ப்பதாகத் தம் சொந்தக் கையால் எழுதிக் கொடுக்கவில்லையா?

மூன்றாவது, கேட்கும் முறையைப் பற்றி.

கொடுக்க மனமில்லாதவர் ஒருவர். கொடுக்க வழியில்லாதவர் ஒருவர். இருவரையும் ஒரே தராசில் வைக்காதேயுங்கள். உபாகமத்தின் 24-ம் அதிகாரம், கடன் கொடுத்தவன் அடகு வாங்கப் போனால் கடன்பட்டவனின் வீட்டுக்குள் நுழையாமல் வெளியே நிற்க வேண்டுமென்றும், அவன் ஏழையானால் அவன் போர்த்துப் படுக்கிற வஸ்திரத்தைச் சூரியன் அஸ்தமிக்கும் முன் திருப்பிக் கொடுக்க வேண்டுமென்றும் கட்டளையிடுகிறது. கேட்பதற்கு உரிமையுண்டு; மனிதனின் மானத்தை மிதிக்க உரிமையில்லை. சேசுநாதர் சொன்ன உவமையில், பதினாயிரம் தாலந்து மன்னிக்கப்பட்ட ஊழியன் நூறு வெள்ளிக்காசுக்காகத் தன் தோழனின் கழுத்தை நெரித்தான். தவணை கேட்டவனுக்குத் தவணை கொடுக்க மறுத்த கல்நெஞ்சே அங்கே தண்டிக்கப்பட்டது. வியாதியில் விழுந்தவர், வேலை இழந்தவர், விதவை ஆகியோருக்குத் தவணை நீட்டிக் கொடுங்கள். சக்தியிருந்தால் தள்ளியும் விடுங்கள். அதையும் கணக்கில் எழுதி, தள்ளினேன் என்று அவருக்குத் தெளிவாய்ச் சொல்லிவிடுங்கள். சொல்லாமல் விட்ட மன்னிப்பு அவர் நெஞ்சில் பாரமாகவும் உங்கள் நெஞ்சில் கசப்பாகவும் நிற்கும்.

பிரியமான பங்கு மக்களே, இன்றிரவு குடும்பச் செபம் முடிந்ததும் ஒரு தாளை எடுங்கள். நடுவில் ஒரு கோடு போடுங்கள். நாம் கொடுக்க வேண்டியது ஒரு பக்கம், நமக்கு வரவேண்டியது மறு பக்கம். தையற்காரிக்கு நிற்கிற 300 ரூபாயானாலும் எழுதுங்கள். முதற் பக்கத்தில் கையிலிருக்கிற பணத்தால் தீர்க்கக்கூடியதை நாளைக் காலையிலேயே தீருங்கள். தீர்க்க முடியாததற்கு நாளைக்கே போய் நாள் சொல்லுங்கள். அதன் பின் மறு பக்கத்தைப் பார்த்து, பயமும் கோபமும் இல்லாமல் கேட்கப் புறப்படுங்கள். தன் கடனைத் தீர்த்தவன் பிறரிடம் கேட்கும்போது அவன் குரல் தானாகவே தெளிவாயிருக்கும்.

அன்னாளின் கையில் அன்றைக்கே கூலியை வைத்த எசமானர்களின் நேர்மையும், சீட்டைப் பேணிக் காத்த தோபியாஸின் விவேகமும் நம் குடும்பங்களில் விளங்கும்படி, வழித்துணையான அர்ச். இரபேல் சம்மனசு நமக்காக மன்றாடுவாராக. உழைத்த கைகள் வெறுங்கையாய்த் திரும்பாத பங்காக நம் பங்கைச் சர்வேசுரன் ஆசீர்வதிப்பாராக.

ஆமென்.